பிளசென்டா பிரிவியா: நோய்க் குறியீடு

கருப்பை வாயை நஞ்சு (பிளசென்டா) மூடிக் கிடக்கும் நிலைக்கும், அதை ஒட்டித் தாழ்ந்திருக்கும் நிலைக்கும் உலக சுகாதார நிறுவனத்தின் பத்தாம் நோய்ப் பட்டியல் தரும் குறியீடு ஓ44. அங்கே கேள்வி ஒன்றுதான்: ரத்தப்போக்கு உண்டா? இல்லையென்றால் ஓ44.0, உண்டென்றால் ஓ44.1. அமெரிக்கப் பதிப்பு 2016 அக்டோபர் முதல் இதை முழுமூடல், பகுதிமூடல், தாழ்நிலை என விரித்து, ஒவ்வொன்றையும் ரத்தப்போக்கை வைத்து இரண்டாக்கியது. கடைசி இலக்கம் கர்ப்பத்தின் எந்த மும்மாதம் என்பதைக் காட்டும். 30ஆம் வாரத்தில் முழுமூடலோடு ரத்தப்போக்கும் இருந்தால் ஓ44.13.

பிரிவு கூடினால் துல்லியம் கூடும் என்பார்கள். இங்கே அது பொருந்தவில்லை. 'பகுதி', 'விளிம்பு' என்பவை விரலால் தொட்டறிந்த காலத்துச் சொற்கள். யோனிவழி ஸ்கேன் நஞ்சுக்கும் கருப்பை வாய்க்கும் உள்ள தொலைவை மில்லிமீட்டரில் சொல்லிவிடுவதால், 2014இல் அமெரிக்க நிபுணர் அறிக்கை அவ்விரண்டையும் கைவிடச் சொன்னது: வாயை மூடினால் பிரிவியா, மூடாமல் 20 மி.மீ.க்குள் நின்றால் தாழ்நிலை. இரண்டே ஆண்டில் வந்த குறியீடோ 'பகுதி'க்குத் தனி எண் தந்து, 'விளிம்பை'யும் அதில் சேர்த்தது. விளைவு, ரத்தப்போக்கில்லாத ஒரே பெண்ணுக்கு மருத்துவர் 'விளிம்பு' என்றெழுதினால் ஓ44.2, 'தாழ்நிலை' என்றெழுதினால் ஓ44.4. குறியீட்டாளர் ஸ்கேனைத் தாமே பொருள்கொள்ளக் கூடாது என்பது சரியான விதிதான். ஆகவே திருத்தம் மருத்துவர் குறிப்பில் தொடங்க வேண்டும். இன்னொன்று: 20ஆம் வாரத்தில் தாழ்ந்திருக்கும் நஞ்சு பெரும்பாலும் பின்னர் மேலே விலகிவிடும். மறு ஸ்கேன் பாராமல் பழைய குறியீட்டை மூன்றாம் மும்மாதத்துக்கு நகலெடுப்பது தவறு.