ஐந்து பட்டனும் சிதம்பரம் என்றன

2010இல், கடலூர் முதுநகரில் ஒரு மாடி அறையில் உட்கார்ந்து சி ஷார்ப்பில் சின்ன நிரல் ஒன்று எழுதினேன். கடலூர், ஆலப்பாக்கம், புதுச்சத்திரம், பரங்கிப்பேட்டை, சிதம்பரம் என்று ரயில் பாதையில் வரும் ஊர்களுக்கு ஐந்து பட்டன்கள். அமுக்கினால் அந்த ஊரின் பெயர் வரவேண்டும். ஃபார்ஈச் சுற்றுக்குள் பட்டனுக்கு ஒரு லாம்டா, அதாவது பெயரில்லாத சார்பு, வைத்தேன். ஓட்டிப் பார்த்தால், எதை அமுக்கினாலும் சிதம்பரம்!

இந்த லாம்டா எங்கிருந்து வந்தது என்று அன்றிரவுதான் தேடிப் படித்தேன். 1930களில் பிரின்ஸ்டனில் அலோன்சோ சர்ச் என்ற தர்க்கவியலாளர், பெயரில்லாத சார்புகளை எழுத அந்தக் கிரேக்க எழுத்தைக் கையாண்டார். நிரல் எழுதக் கணினியே இல்லாத காலம். பிறகு ஜான் மெக்கார்த்தியின் லிஸ்ப் மொழிக்குள் அது புகுந்தது.

2002இல் வந்த சி ஷார்ப்பில் லாம்டா இல்லை, டெலிகேட்தான் இருந்தது. டெலிகேட்டைப் பவர் பத்திரம் என்று சொல்லலாம். இன்ன வகையை வாங்கி இன்ன வகையைத் தரும் மெத்தட் எதுவானாலும் அதன் பேரில் எழுதிக் கொடுக்கலாம். லாம்டா 2007இல் வந்து சேர்ந்தது. அதற்கென்று ஒரு வகை கிடையாது. ‘வாங்கியதோடு ஒன்றைக் கூட்டித் தா’ என்ற லாம்டாவை முழு எண் கேட்கும் டெலிகேட்டுக்கும் கொடுக்கலாம், தசம எண் கேட்பதற்கும் கொடுக்கலாம். வகை சொல்லாமல் ‘வார்’ போட்டு வைக்கப் பார்த்தால் கம்பைலர் மறுத்துவிடும். 2021இல் வந்த பத்தாம் பதிப்பில்தான், வாங்கும் பொருளின் வகையைச் சொன்னால் ஏற்றுக்கொண்டது.

பத்திரம் எழுதியாகிவிட்டால் வகையை மாற்ற முடியாது. எண்ணை வாங்கி ஆம், இல்லை சொல்லும் பிரெடிகேட், ஃபங்க் என்ற இரண்டு டெலிகேட்டும் செய்வது ஒரே வேலை. ஆனாலும் ஒன்று கேட்கும் இடத்தில் மற்றதை நேரே வைக்க முடியாது. எனக்கு இது இன்றும் குறையாகவே படுகிறது. சி ஷார்ப் ஓடும் டாட்நெட் தளத்துக்கே டான் சைம் உருவாக்கிய எஃப் ஷார்ப் மொழியில் சார்புக்குப் பிறவியிலேயே வகை உண்டு. டாட்நெட் மெத்தட் டெலிகேட் கேட்டால் கம்பைலரே அந்தச் சார்பை டெலிகேட்டாக மாற்றிக் கொடுக்கும். மற்ற இடங்களில் நாமே கட்டித் தரவேண்டியிருந்தது.

சரி, சிதம்பரம் எப்படி வந்தது? லாம்டா எடுத்துப்போவது மாறியை, அதில் அப்போதிருக்கும் மதிப்பை அல்ல. கம்பைலர் நம் கண்ணுக்குத் தெரியாமல் ஒரு கிளாஸ் உண்டாக்கி, ‘ஊர்’ என்ற என் சுற்று மாறியை அதற்குள் வைக்கிறது. லாம்டா அந்தக் கிளாஸின் மெத்தடாகிறது. டெலிகேட் இரண்டையும் சேர்த்துப் பிடித்துக்கொள்கிறது. சுற்று முழுக்க ஒரே ‘ஊர்’தான், ஐந்து டெலிகேட்டும் பார்த்தது அதைத்தான். சுற்று முடிந்தபோது அதில் நின்றது கடைசி ஊர்.

சுற்றுக்குள் ஒரு புது மாறி வைத்து, ஊரை அதில் நகலெடுத்தேன். ஒரே வரி. ஆலப்பாக்கத்தை அமுக்கினேன், ஆலப்பாக்கம் வந்தது. 2012இல் ஐந்தாம் பதிப்பில் ஃபார்ஈச் சுற்றை மொழியே திருத்திக்கொண்டது. ஃபார் சுற்றில் இன்னும் பழையபடிதான். அங்கே அந்த நகல் வரியை இன்றைக்கும் எழுதுகிறேன்.