ரோபோவுக்கு வந்த வலிப்பு

ரோபோன்னு சொன்னதும் உங்களில் பலருக்கு 'எந்திரன்' சிட்டி ஞாபகம் வரும். மனுஷன் செஞ்ச ஒண்ணு, திரும்பி நின்னு "நான் ஏன் உனக்குக் கீழ்ப்படியணும்?"னு கேட்கிற கதை. அந்தக் கதைக்கு நூறு வயசு தாண்டிருச்சு. அதுல ஒரு டாக்டரும் வர்றார். அவரைப் பத்திச் சொல்லத்தான் இந்தத் திரெட். கொஞ்சம் நீளம், பொறுத்துக்கோங்க.

1920ல் செக் எழுத்தாளர் காரெல் சாப்பெக் எழுதிய நாடகம் 'ஆர்.யு.ஆர்.'. 1921 ஜனவரியில் பிராக் நகர தேசிய நாடக அரங்கில் மேடையேறியது. 'ரோபோ' என்ற சொல் உலகத்துக்கு வந்ததே இதிலிருந்துதான். சொல்லை எடுத்துக் கொடுத்தவர் அவருடைய அண்ணன், ஓவியர் யோசெப். செக் மொழியில் 'ரோபோட்டா' என்றால் பண்ணையாருக்குக் கூலியில்லாமல் செய்தே தீரவேண்டிய வேலை. நம்ம கல்வெட்டுகளில் 'வெட்டி'ன்னு வருமே, கிட்டத்தட்ட அதே சங்கதி. அங்கே அது சட்டப்படி ஒழிந்தது 1848ல். ஆக, அந்தப் பெயர் ஆரம்பத்திலேயே இயந்திரத்தின் பெயர் இல்லைங்க, அடிமையின் பெயர்.

நாடகத்தில் வரும் ரோபோக்களும் இரும்பு இல்லை. தொழிற்சாலையில் ரசாயனத்தால் செய்த சதையும் நரம்பும். பார்த்தால் மனுஷங்க மாதிரியே இருக்கும். வேலைக்குத் தேவைப்படாததை எல்லாம் கழிச்சுட்டாங்க: சந்தோஷம், ஆசை, மரண பயம், வலி.

ஆனா ஒரு பிரச்சினை. சில ரோபோக்கள் திடீர்னு கையில் இருப்பதைக் கீழே போட்டுட்டு, அசையாம நின்னு, பல்லை நறநறன்னு கடிக்கும். கம்பெனிக்காரர்கள் இதை வலிப்பு மாதிரி ஒரு கோளாறு, தயாரிப்புக் குறைன்னு முடிவு பண்றாங்க. சிகிச்சை? அரவை இயந்திரத்துக்கு அனுப்பிடுறது. ஹெலெனா என்ற பெண் மட்டும்தான் "அது நோய் இல்லை, ஆன்மா"ங்கிறாள்.

ராடியஸ் என்ற ரோபோவுக்கும் இப்படி வருது. டாக்டர் கால் (அது பேருங்க, உறுப்பு இல்ல) பரிசோதிக்கிறார். இதயம் படபடக்குது, உடம்பெல்லாம் பயத்தில் வேர்வை. இது அந்த வலிப்பு இல்லை, கோபமோ எதிர்ப்போ என்னவோ என்று அவருக்கே புரியுது. ராடியஸ் ஹெலெனாகிட்ட, எனக்கு எஜமான் வேண்டாம்னு நேராவே சொல்லிடுது.

கற்பனைதானேன்னு கடந்து போகாதீங்க. 1851ல் அமெரிக்காவின் லூசியானாவில் சாமுவேல் கார்ட்ரைட் என்ற டாக்டர், தப்பி ஓடும் கறுப்பின அடிமைகளுக்கு ஒரு நோய் இருப்பதாக மருத்துவச் சங்கத்தின் முன் அறிக்கை வாசித்தார். நோயின் பெயர் 'டிராப்பிடோமேனியா'. அதாவது, ஓடிப்போகும் பைத்தியம். வராமல் தடுக்க அவர் எழுதிய வைத்தியத்தில் சவுக்கடியும் உண்டு. விடுதலை ஆசையை நோய்ப் பட்டியலில் சேர்த்தது எங்க ஆளுதான். எம்.பி.பி.எஸ். படிச்ச காலத்தில் இதை எனக்கு யாரும் சொல்லித் தரலை. சொல்லியிருக்கணும்.

இன்னொரு விஷயம், வலி. அடிபடுறது தெரியாததால் ரோபோக்கள் தங்கள் உடம்பையே கெடுத்துக்குதுங்க. நஷ்டம் கம்பெனிக்கு. அதனால டாக்டர் கால் அவற்றுக்கு வலி நரம்பு வைக்கப் பார்க்கிறார்.

இதை அப்படியே நிஜத்தில் பார்த்தவர் டாக்டர் பால் பிராண்ட். 1914ல் நம்ம கொல்லிமலையில் பிறந்தவர், 1946லிருந்து வேலூர் சி.எம்.சி.யில் வேலை பார்த்தவர். தொழுநோயாளிகளின் விரல்கள் தானா அழுகி விழுவதில்லை, வலி தெரியாமல் சூடும் காயமும் பட்டுத்தான் தேய்ந்து போகின்றன என்று காட்டினார். பிறகு அமெரிக்காவில் சென்சார் வைத்த கையுறை செய்து செயற்கை வலி கொடுக்கப் பார்த்தார். பீப் சத்தம் வந்தால் நோயாளிகள் கண்டுக்கலை. ஷாக் வந்தால், சுவிட்சை அணைச்சுட்டு வேலையைத் தொடர்ந்தாங்க. அணைக்க முடிகிற வலி 'என்னுடைய' வலியா ஆகலை.

நாடகத்தில் டாக்டர் கால் வலியோடு நிக்கலை. ஹெலெனா கேட்டுக்கிட்டதால் சில நூறு ரோபோக்களின் உணர்ச்சியையும் ரகசியமா மாத்திடுறார். அப்புறம் கலகம். ஒருத்தரைத் தவிர மனித இனமே காலி.

மிஞ்சியவர் ஆல்குவிஸ்ட். ரோபோ செய்யும் ரகசியம் எரிஞ்சு போச்சு. கண்டுபிடிக்கணும்னா ஒரு ரோபோவை உயிரோட அறுத்துப் பார்க்கணும். ப்ரைமஸ், ஹெலெனா என்ற பெயரிலேயே ஒரு பெண் ரோபோ, ரெண்டும் அவர் முன்னாடி நிக்குது. அவளை எடுத்துக்கிறேன்னா, "என்னை அறுங்க"ங்கிறான் அவன். அவனைன்னா, "என்னை"ங்கிறாள் அவள். ஆல்குவிஸ்ட் ரெண்டு பேரையும் போகச் சொல்லிட்டார்.