துணி முகக்கவசத்தின் வரலாறு

துணி முகக்கவசம் என்பது மூக்கையும் வாயையும் மூடுமாறு பருத்தி முதலிய துணிகளைக் கொண்டு செய்யப்படும் உறையாகும். கைக்குட்டை, பழைய பனியன், தலையணை உறை, சேலைத் துண்டு போன்ற வீட்டுத் துணிகளிலிருந்தே இதைச் செய்யலாம். துவைத்து மீண்டும் பயன்படுத்தலாம். மருத்துவத்தில் இதன் வரலாறு ஏறக்குறைய 125 ஆண்டுகள் கொண்டது. எத்தனை அடுக்கு தேவை, எந்தத் துணி ஏற்றது, அணிபவரைக் காக்கிறதா அல்லது எதிரில் இருப்பவரைக் காக்கிறதா ஆகிய கேள்விகள் அக்காலம் முழுவதும் திரும்பத் திரும்ப எழுந்துள்ளன.

மருத்துவத்துக்கு முந்தைய வழக்கங்கள்

நோய்த்தொற்று பற்றிய அறிவு தோன்றுவதற்கு முன்பே சமயக் காரணங்களுக்காக வாயை மூடும் வழக்கம் இருந்தது. சமணத் துறவியரில் சில பிரிவினர் முகபத்தி எனப்படும் வெண்துணியால் வாயை மூடுகின்றனர். பேச்சாலும் மூச்சாலும் சிற்றுயிர்களுக்குத் தீங்கு நேரக்கூடாது என்பது இதன் நோக்கம். சரத்துஸ்திர சமயக் குருக்கள் புனித நெருப்பின் மீது மூச்சுப் படாதவாறு முகத்திரை அணிகின்றனர். இலங்கையில் கதிர்காமம், தொண்டைமானாறு செல்வச்சந்நிதி முதலிய முருகன் கோயில்களில் பூசகர்கள் துணியால் வாய் கட்டிப் பூசை செய்யும் மரபு இன்றும் உள்ளது. இவையெல்லாம் தூய்மை, அகிம்சை ஆகிய கருத்துகளில் வேரூன்றியவை. ஆயினும் வாயிலிருந்து வெளிப்படுவதை ஒரு துணி தடுக்கும் என்ற எண்ணம் இவற்றுக்குப் பொதுவானது.

அறுவை அரங்கில்

மருத்துவ முகக்கவசம் 1897 ஆம் ஆண்டு தோன்றியது. அன்று ஜெர்மனியில் இருந்த பிரெஸ்லாவ் நகரில் (இன்று போலந்தின் விராத்ஸ்லாவ்) கார்ல் ஃபுளூகே என்னும் நுண்ணுயிரியலாளர், பேசும்போது வெளிப்படும் எச்சில் துளிகளில் உயிருள்ள பாக்டீரியாக்கள் இருப்பதைக் காட்டினார். அவருடன் தொடர்பில் இருந்த அறுவை மருத்துவர் யோகான் மிகுலிச், காஸ் எனப்படும் மெல்லிய கட்டுத்துணியை ஓர் அடுக்காக வாயின் மேல் கட்டிக்கொண்டு அறுவை செய்யத் தொடங்கினார். அவருடைய உதவியாளர் ஹூபெனர் அடுத்த ஆண்டில் இரண்டு அடுக்குத் துணியைப் பரிந்துரைத்தார். அதே 1897இல் பாரிஸில் பால் பெர்ஜே ஆறு அடுக்குத் துணியைத் தம் மேலங்கியுடன் சேர்த்துத் தைத்து அணிந்தார். ஒன்று, இரண்டு, ஆறு என அடுக்குகள் பற்றிய கருத்து வேறுபாடு தொடக்கத்திலேயே இருந்ததை இது காட்டுகிறது. அப்போது கவசத்தின் நோக்கம் நோயாளியின் புண்ணைக் காப்பது மட்டுமே.

மஞ்சூரியா, 1910–1911

முகக்கவசம் அணிபவரையும் பொதுமக்களையும் காக்கும் கருவியாக மாறியது வடகிழக்குச் சீனாவில் பரவிய நுரையீரல் பிளேக்கின் போதுதான். 1910 இறுதியில் தொடங்கி 1911 வசந்தத்தில் முடிந்த இந்நோயால் ஏறத்தாழ 60,000 பேர் இறந்தனர். பினாங்கில் பிறந்து கேம்பிரிட்ஜில் மருத்துவம் பயின்ற வூ லியன்தே, 1910 டிசம்பரில் ஹார்பின் நகருக்கு அனுப்பப்பட்டார். பிணப் பரிசோதனை நடத்திய அவர், இது எலித் தெள்ளுப்பூச்சியால் பரவும் வகையன்று என்றும், இருமும்போது காற்றின் வழியே மனிதரிலிருந்து மனிதருக்குப் பரவுகிறது என்றும் முடிவு செய்தார்.

அவர் வடிவமைத்த கவசம் எளியது. 23 சென்டிமீட்டர் அகலமுள்ள காஸ் துணிச் சுருளிலிருந்து ஏறத்தாழ 90 சென்டிமீட்டர் நீளத் துண்டு வெட்டப்படும். அதை நீளவாக்கில் மடித்து நடுவில் 10க்கு 15 சென்டிமீட்டர் அளவில் பஞ்சு வைக்கப்படும். இரு முனைகளும் வால்களாகக் கிழிக்கப்பட்டு, காதுக்கு மேலும் கீழும் தலை உச்சியிலும் கட்டப்படும். தையல் தேவையில்லை. கட்டுத்துணியும் பஞ்சும் கிடைக்கும் எந்த ஊரிலும் இதைச் செய்ய முடிந்தது.

எல்லோரும் இதை ஏற்கவில்லை. ஹார்பினுக்கு வந்த பிரெஞ்சு மருத்துவர் ஜெரால்ட் மெஸ்னி, நோய் காற்றில் பரவுகிறது என்ற வூவின் கருத்தை மறுத்தார். கவசம் அணியாமல் பிளேக் நோயாளிகளைப் பரிசோதித்த அவர், 1911 ஜனவரியில் சில நாள்களிலேயே அதே நோயால் இறந்தார். அதன்பின் ஹார்பின் தெருக்களில் முகக்கவசம் பரவலாயிற்று. தனிமைப்படுத்தல், பயணக் கட்டுப்பாடு, சடலங்களை எரித்தல் ஆகியவையும் சேர்ந்தே நோயை அடக்கின. எனவே கவசத்தின் பங்கை மட்டும் பிரித்து அளவிட இயலாது. 1911 ஏப்ரலில் முக்டென் நகரில் வூவின் தலைமையில் பன்னாட்டுப் பிளேக் மாநாடு நடைபெற்றது.

1918 இன்புளுவென்சா

1918 இன்புளுவென்சா பெருந்தொற்றின் போது அமெரிக்க நகரங்கள் பல முகக்கவசத்தைக் கட்டாயமாக்கின. செஞ்சிலுவைச் சங்கத்தின் பெண் தொண்டர்கள் ஏராளமான கவசங்களைத் தைத்தனர். சான் பிரான்சிஸ்கோ நகரம் 1918 அக்டோபரில் இயற்றிய விதி, நான்கு அடுக்குத் துணியால் மூக்கையும் வாயையும் மூட வேண்டும் என்றது. மீறியோருக்கு அபராதமும் சிறையும் விதிக்கப்பட்டன. நவம்பர் 21இல் விதி நீக்கப்பட்டது. நோய் மீண்டும் பெருகியதால் 1919 ஜனவரியில் மறுபடியும் கொண்டுவரப்பட்டபோது, அதை எதிர்க்க ஒரு சங்கமே அமைக்கப்பட்டது.

கலிபோர்னியா மாநிலச் சுகாதார வாரியத்தைச் சேர்ந்த வில்பிரட் கெல்லாக் 1920இல் காஸ் கவசங்களைச் சோதித்து முடிவுகளை வெளியிட்டார். துளிகளைத் தடுக்கும் அளவுக்கு அடுக்குகளைக் கூட்டினால் மூச்சு விடுவது கடினமாகிறது. காற்று துணியின் வழியே செல்லாமல் ஓரங்களின் இடைவெளி வழியே செல்கிறது. எனவே கவசத்தைக் கட்டாயமாக்குவதற்குப் போதிய பயன் காணப்படவில்லை என்றார். அடர்த்தி, மூச்சு, பொருத்தம் ஆகிய மூன்றும் ஒன்றையொன்று பாதிப்பதை அவருடைய சோதனை தெளிவாக்கியது.

ஒருமுறைக் கவசங்களின் வருகை

அரை நூற்றாண்டுக் காலம் மருத்துவமனைகளில் துவைத்து, கிருமி நீக்கி அணியும் பருத்திக் கவசங்களே வழக்கில் இருந்தன. 1960களில் நெய்யப்படாத செயற்கை இழைத் துணியாலான ஒருமுறைக் கவசங்கள் அவற்றின் இடத்தைப் பிடித்தன. நுண்ணிய துகள்களைப் பிடிக்கும் என்95 வகைக் கவசம் 1972இல் வந்தது. இவை தரத்தில் மேம்பட்டவை. ஆனால் துணிக்கவசத்தை மேம்படுத்தும் ஆராய்ச்சி ஏறக்குறைய நின்றுபோனது. தேவை திடீரென உயரும்போது தொழிற்சாலைகளையே நம்பியிருக்க வேண்டிய நிலையும் உருவானது.

2020: மீண்டும் வீட்டுத் துணி

கோவிட்-19 பரவியபோது இந்த நிலையின் விளைவு வெளிப்பட்டது. மருத்துவப் பணியாளர்களுக்கே கவசங்கள் போதவில்லை. 2020 மார்ச்சில் பொது இடங்களில் மூக்கையும் வாயையும் மூடுவதைக் கட்டாயமாக்கிய செக் குடியரசில், கடைகளில் கவசம் இல்லாததால் மக்கள் வீடுகளிலேயே தைத்துப் பகிர்ந்துகொண்டனர். ஜப்பான் அரசு வீட்டுக்கு இரண்டு காஸ் கவசங்கள் அனுப்புவதாக ஏப்ரல் 1 அன்று அறிவித்தது. அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையம் ஏப்ரல் 3 அன்று துணி உறைகளைப் பரிந்துரைத்தது.

இந்தியாவில் முதன்மை அறிவியல் ஆலோசகர் அலுவலகம் வீட்டுக் கவசம் பற்றிய கையேட்டை வெளியிட்டது. சோப்பு நீரில் துவைத்து வெயிலில் குறைந்தது 5 மணி நேரம் காயவைத்தல், வெயில் இல்லாவிட்டால் பிரஷர் குக்கரில் வேகவைத்தல் போன்ற வீட்டு வழிகளை அது கூறியது. தமிழ்நாட்டில் மகளிர் சுய உதவிக் குழுக்களும் திருப்பூர்ப் பின்னலாடை நிறுவனங்களும் துணிக்கவசத் தயாரிப்பில் இறங்கின. ஊரடங்கில் வருமானம் இழந்த தையல் தொழிலாளர் பலருக்கு இது வேலையாகவும் அமைந்தது.

ஆய்வுகள் கூறுவது

2013இல் பிரிட்டனில் வெளியான ஓர் ஆய்வு வீட்டுத் துணிகளை ஒப்பிட்டது. தலையணை உறையும் பருத்தி டி-சர்ட்டும் கவசத்துக்கு மிகவும் ஏற்றவையாகக் காணப்பட்டன. தூசி உறிஞ்சும் கருவியின் பை துகள்களை நன்கு தடுத்தாலும் மூச்சு விடக் கடினமாக இருந்தது. அறுவைக் கவசம் வீட்டுக் கவசத்தைவிட மூன்று மடங்கு பயன் தந்தது. எனினும் எதுவும் அணியாததைவிட வீட்டுக் கவசம் மேல் என ஆய்வாளர்கள் கருதினர்.

2015இல் வெளியான வியட்நாம் ஆய்வு, ஹனோயின் 14 மருத்துவமனைகளில் 1,607 பணியாளர்களிடம் நடத்தப்பட்டது. மருத்துவக் கவசம் அணிந்தோரைவிடத் துணிக்கவசம் அணிந்தோரிடம் தொற்று கூடுதலாக இருந்தது. வங்கதேசத்தில் 600 கிராமங்களில் நடந்த பெரிய ஆய்வில், அறுவைக் கவசம் வழங்கப்பட்ட கிராமங்களில் அறிகுறியுடன் கூடிய தொற்று குறைந்தது. துணிக்கவசத்தின் பயன் உறுதியாக நிறுவப்படவில்லை. ஆகவே நோயாளிகளுக்கு அருகில் பணியாற்றுவோருக்குத் துணிக்கவசம் போதுமானதன்று.

செய்முறையில் நிலைத்தவை

உலக சுகாதார நிறுவனம் 2020 ஜூனில் மூன்று அடுக்குக் கவசத்தைப் பரிந்துரைத்தது: ஈரம் உறிஞ்சும் பருத்தி உள்ளே, வடிகட்டும் நெய்யப்படாத துணி நடுவே, ஈரம் ஏற்காத துணி வெளியே. வீட்டில் செய்வோர் கவனிக்க வேண்டியவை இவை:

- நெருக்கமாக நெய்த துணியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். வெளிச்சத்தில் பிடித்தால் ஒளி எளிதில் ஊடுருவும் துணி ஏற்றதன்று.
- கவசம் மூக்குத் தண்டிலிருந்து தாடைக்குக் கீழ் வரை மூட வேண்டும். பக்கவாட்டில் இடைவெளி இருக்கக்கூடாது.
- அடுக்குகளைக் கூட்டும்போது இயல்பாக மூச்சு விட முடிகிறதா என்று பார்க்க வேண்டும்.
- நனைந்தால் மாற்ற வேண்டும். ஒவ்வொரு நாளும் துவைக்க வேண்டும்.
- இரண்டு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கும் தாமாகக் கழற்ற முடியாதவர்களுக்கும் அணிவிக்கக்கூடாது.

வூ லியன்தேயின் காஸ் துண்டும் 2020இன் பனியன் துணியும் ஒரே காரணத்தால் பயன்பாட்டுக்கு வந்தன: வேண்டிய நேரத்தில் அவை கைக்கெட்டும் தூரத்தில் இருந்தன. சிறந்த கவசம் எல்லோருக்கும் கிடைக்கும் வரையிலான இடைவெளியை நிரப்புவதே துணி முகக்கவசத்தின் பணியாக இருந்துவந்துள்ளது.