நியூஸ் ரீல் முடியட்டும்

சின்ன வயதில் எங்கள் ஊர் டூரிங் கொட்டகையில் படம் தொடங்கும் முன்னால் அரசாங்க நியூஸ் ரீல் ஓடும். அப்பா உள்ளே வரமாட்டார். "அது முடியட்டும்டா" என்று டீக்கடையில் நின்றுவிடுவார். முக்கால்வாசிப் பேர் அப்படித்தான். உங்களில் பலருக்கும் ஞாபகம் இருக்கும்.

அவற்றை எடுத்தது 1948ல் மும்பையில் தொடங்கிய பிலிம்ஸ் டிவிஷன். தியேட்டருக்கு லைசென்ஸ் வேண்டுமென்றால் அந்தப் படங்களைக் காட்டியே ஆகவேண்டும். பல மொழிகளில் குரல் சேர்த்து நாடு முழுக்க அனுப்புவார்கள். அணைக்கட்டு, தொழிற்சாலை, ரிப்பன் வெட்டும் மந்திரி... நமக்கு ஞாபகத்தில் நின்றது இவ்வளவுதான்.

மாற்றலாகி மும்பைக்கு வந்த பிறகுதான் எஸ்.என்.எஸ். சாஸ்திரி என்ற பெயரைக் கேள்விப்பட்டேன். பிலிம்ஸ் டிவிஷனில் கேமராமேனாக இருந்து இயக்குநர் ஆனவர். 1967ல் 'ஐ ஆம் 20' என்றொரு படம் எடுத்தார். கறுப்பு வெள்ளை, சுமார் இருபது நிமிடம். சுதந்திரம் கிடைத்த 1947ல் பிறந்தவர்களைப் பல ஊர்களில் தேடிப் பிடித்து, உனக்கு என்ன வேண்டும், இந்த நாட்டைப் பற்றி என்ன நினைக்கிறாய் என்று பேச வைத்தார்.

இன்று செல்போனில் எவ்வளவு வேண்டுமானாலும் எடுக்கலாம். அன்று 35 எம்.எம். கேமராவில் 400 அடிச் சுருள் மாட்டினால் நாலரை நிமிடத்தில் தீர்ந்துவிடும். அப்படிப்பட்ட சுருளை மந்திரிக்குச் செலவழிக்காமல், பேர் தெரியாத பையன்களுக்கும் பெண்களுக்கும் செலவழித்திருக்கிறார். அதில் ஒருவன் நாட்டின் மேல் தனக்குப் பற்றே இல்லை என்கிறான். சர்க்கார் காசில் எடுத்த படத்தில் அதை வெட்டாமல் விட்டிருக்கிறார்கள்! இத்தனை வருட பாங்க் உத்தியோகத்தில், மேலே போகும் ஒரு நோட்டில் அப்படி ஒரு வரி எழுத எனக்குத் தைரியம் வந்ததில்லை.

அடுத்த வருடமே, குறும்படம் எடுப்பவனின் பிழைப்பையே 'அண்ட் ஐ மேக் ஷார்ட் பிலிம்ஸ்' என்று படமாக்கினார். 1978ல் சாஸ்திரி காலமானார். 2022ல் பிலிம்ஸ் டிவிஷனையும் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைத்துவிட்டார்கள்.

அப்பாவும் 1947ல் பிறந்தவர். இருபது வயதில் எடுத்த போட்டோ ஒன்றுகூட வீட்டில் இல்லை. அவர் போய் ஆறு வருடம் ஆகிறது. ஒரு ராத்திரி தனியாக உட்கார்ந்து இந்தப் படத்தைப் பார்த்தேன். ஒவ்வொரு முகத்திலும் அப்பாவின் சாயல் தெரிகிறதா என்று தேடிக்கொண்டிருந்தேன். பைத்தியக்காரத்தனம்தான். 1967ல் இது எங்கள் பக்கம் ஓடியிருந்தாலும் அவர் டீக்கடையில்தான் நின்றிருப்பார்.

படம் யூடியூபில் கிடைக்கிறது. அந்த வயதுப் பெரியவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு பாருங்கள். முடிந்ததும், இருபது வயதில் உங்களுக்கு என்ன வேண்டும் என்று ஆசைப்பட்டீர்கள் என்று கேளுங்கள். நான் கேட்காமலே இருந்துவிட்டேன்.