பேர்: லயத்திலிருந்து சமூகவியலுக்கு ஒரு சொல்

கொழுந்து நிறுத்துவிட்டு மலையிலிருந்து இறங்கும் பெண்கள் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்வது, "இன்னைக்குப் பேர் விழுந்துச்சா?" என்பதுதான். அன்றைக்கென்று குறித்த கிலோ நிறைந்து, முழுநாட் சம்பளம் செக்ரோல் என்ற வேலைப் பதிவேட்டில் ஏறியதா என்பது அதன் பொருள். கூடைக்கென்றும் இலையின் ஈரத்துக்கென்றும் தராசடியில் கழிப்பதெல்லாம் போக மிஞ்சுவதே கணக்கு. அது குறைந்தால் அரைப் பேர். இதே சொல் இன்னோரிடத்தில் வேறு பொருள் தரும். "அவருக்குத் தோட்டத்துல பேர் இருக்கா?" என்று கேட்டால், நிரந்தரத் தொழிலாளியாகப் பதியப்பட்டவரா என்று விசாரிப்பதாகும். பேர் இருந்தால் லயம் என்ற வரிசை வீட்டில் ஒரு காம்பரா, அதாவது அறை, உண்டு, கைக்குழந்தையைப் பிள்ளைக்காம்பரா என்ற குழந்தைகள் காப்பகத்தில் விட்டுவிட்டு மலைக்குப் போகலாம். பேர் வெட்டுப்பட்டால் காம்பராவும் கேள்விக்குள்ளாகும்.

ஒரு மனிதரின் பெயரையும் கூலியையும் வேலையையும் தலைக்குமேல் இருக்கும் கூரையையும் ஒரே சொல்லில் முடிந்து வைத்திருக்கிறார்கள் இலங்கை மலையகத் தோட்டங்களில் வாழும் எங்கள் மக்கள். தோட்டம் என்ற அமைப்பு எப்படி இயங்குகிறது என்பதை இதைவிடச் சுருக்கமாக விளக்கும் கலைச்சொல்லை நான் படித்த எந்தச் சமூகவியல் நூலிலும் கண்டதில்லை. இந்தச் சொல் ஏன் அந்த நூல்களுக்குள் ஏறவில்லை என்பதே இக்கட்டுரையின் கவலை.

பல ஆண்டுகளுக்கு முன், டிக்கோயாவுக்கு அப்பாலுள்ள ஒரு தோட்டத்தில் ஆய்வுப் படிவமொன்றை நிரப்பப் போயிருந்தேன். இஸ்தோப்பில், அதாவது லயத்தின் முன்திண்ணையில், அமர்ந்து கொழுந்து எடுக்கும்போது இடுப்பில் கட்டும் படங்குக்கு ஒட்டுப் போட்டுக்கொண்டிருந்த அம்மாவிடம் இரண்டாவது கேள்வியைக் கேட்டேன்: "உங்கள் சொந்தக் கிராமம்?" ஊசியை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "கிராமம் நாட்டுப் பக்கமுல்ல இருக்கு தம்பி? எங்களுக்குப் பணிய கணக்கு, ஏழாம் நம்பர் லயம். அப்படியே போட்டுக்கங்க." தோட்டத்தின் கீழ்ப்பிரிவைத்தான் பணிய கணக்கு என்றார். அதைப் போடுவதற்குப் படிவத்தில் இடமில்லை. கோடிட்ட இடத்துக்குப் பக்கத்தில், ஓரத்தில்தான் எழுதினேன். தோட்டத்துக்கு வெளியேயுள்ள சிங்களக் கிராமத்தை 'நாடு' என்று அழைக்கும் வழக்கம் அவர் வாயில் இயல்பாக வந்தது. தாம் வாழும் இடம் நாட்டுக்கு வெளியே இருக்கிறது என்ற ஒரு நூற்றாண்டுக்கு மேற்பட்ட அனுபவம் அந்த ஒரு சொல்லில் இருந்தது. எங்கள் படிவமோ கிராமத்தை மட்டுமே அறிந்திருந்தது.

அதற்குக் காரணம் உண்டு. இலங்கையில் சமூகவியல் பல்கலைக்கழகப் பாடமாக வேரூன்றியது சுதந்திரத்தை ஒட்டிய ஆண்டுகளில். அமெரிக்கரான பிரைஸ் ரயன் அதற்கு அடித்தளமிட்டவர்களில் முக்கியமானவர். 1953இல் வெளிவந்த அவருடைய சாதி பற்றிய நூல், சிங்களச் சாதியமைப்பையே தன் எல்லையாக வகுத்துக்கொண்டது. 1956இல் ரல்ஃப் பீரிஸ் கண்டி இராச்சியக் காலச் சிங்களச் சமூக அமைப்பை எழுதினார். 1957இல் சர்க்காரும் தம்பையாவும் சிதைந்துவரும் கண்டியக் கிராமத்தை ஆராய்ந்தார்கள். 1961இல் எட்மண்ட் லீச்சின் கிராம ஆய்வான 'புல் எலிய' வந்தது. எல்லாம் உயர்ந்த நூல்கள், அவற்றைப் படித்துத்தான் நாங்கள் வளர்ந்தோம். புதிதாக விடுதலை பெற்ற நாடு தன்னை அறிந்துகொள்ள விரும்பியபோது, தன் ஆதி முகம் கிராமத்தில் இருக்கிறதென்று நம்பியது. இந்தியாவிலும் எம். என். சீனிவாஸ் காலத்து ஆய்வுகள் கிராமத்தையே சுற்றிவந்தன. ஆனால் பேராதனைப் பல்கலைக்கழகத்தின் நிலை வேறு. கலஹா வீதி பல்கலைக்கழக வளாகத்தை ஊடறுத்துச் செல்கிறது. அந்த வீதியிலேயே ஏறிப்போனால் தேயிலை மலைகள் வந்துவிடும். 1867இல் ஜேம்ஸ் டெய்லர் தேயிலை பயிரிட்ட லூல்கந்துரையும் அந்தப் பக்கம்தான். விரிவுரை மண்டபத்துக்கும் லயத்துக்கும் இடையே இருந்த தூரம் மைல் கணக்கால் வந்ததன்று.

கண்டிய விவசாயிகள் ஆணைக்குழுவின் 1951ஆம் ஆண்டு அறிக்கையும் இதே பார்வையின் பிள்ளை. பெருந்தோட்டம் கிராமத்தின் நிலத்தை விழுங்கியது என்பது உண்மை. அதைச் சொல்லும்போது, தோட்டத்துக்குள் அடைபட்டிருந்த மனிதரும் அதே அமைப்பால் நிலமற்றவராக்கப்பட்டவர் என்பது பின்னுக்குப் போய்விட்டது. குடிசனக் கணக்கெடுப்பும் நாட்டை நகரம், கிராமம், தோட்டம் என்று மூன்றாகப் பிரிக்கிறது. இருபது ஏக்கருக்குக் குறையாத பரப்பும், வதியும் தொழிலாளர் பத்துப் பேராவதும் இருந்தால் அது தோட்டம். தோட்டக்காரரின் கணக்கு வசதிக்குப் பிறந்த ஒரு வரையறைக்குள் ஒரு சமூகமே குடியிருத்தப்பட்டது.

பேரை எழுதுவதும் வெட்டுவதும் செக்ரோலோடு நிற்கவுமில்லை. 1911 கணக்கெடுப்பு இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் என்று முதன்முதலாகப் பிரித்து எழுதியது. 1947 தேர்தலில் இந்தியத் தமிழரின் கட்சியான இலங்கை இந்தியக் காங்கிரஸ் ஏழு பேரை நாடாளுமன்றத்துக்கு அனுப்பியது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டமும் அதைத் தொடர்ந்த சட்டங்களும் வந்தபின், வாக்காளர் இடாப்பில் இந்தியத் தமிழரில் பெரும்பாலோரின் பேரே இல்லாமற் போனது. 1964 அக்டோபர் 30இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டபோது 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, எஞ்சிய 1,50,000 பேர் பிறகு பார்த்துக்கொள்ளப்படுவர் என்று எழுதினார்கள். தொழிலாளியிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. எஞ்சியவர்களை 1974இல் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். அதன்பின்னும் எஞ்சியிருந்த நாடற்றோருக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003இல்தான் வந்தது. இவ்வளவையும் லயத்து மொழியில் சொன்னால் ஒரே வாக்கியம்: பேர் வெட்டினார்கள், பிறகு போட்டார்கள்.

ஆய்வாளர்கள் வரவே இல்லையென்று சொல்வது நியாயமாகாது. 1975இல் ஆர். ஜெயராமன் மூன்று தேயிலைத் தோட்டங்களை ஆராய்ந்து, சாதி அங்கே எவ்வாறு தொடர்கிறதென்று எழுதினார். ரேச்சல் குரியன் பெண் தொழிலாளரின் உழைப்பைக் கணக்கில் கொண்டுவந்தார். தோட்டப் பெண்களின் பாடல்களைச் சேகரிக்க 1983இல் வந்த வலன்ரைன் டானியல், அவ்வாண்டு இனவன்முறையின் சாம்பலிடையே நின்றார். அவர் எழுதவந்த நூலே வேறாக மாறியது. துரைமாரின் பயிர்த்தொழிற் பேச்சும் தொழிலாளரின் தேயிலைப் பேச்சும் எங்கே முட்டிக்கொள்கின்றன என்று அவர் காட்டிய கட்டுரையை நான் மிகவும் மதிக்கிறேன். சொல்லிலிருந்து தொடங்கும் வழி அதில் இருக்கிறது. ஆனாலும் இவை அனைத்தும் ஆங்கிலத்தில் எழுதப்பட்டவை. மலையகத்துப் பள்ளிக்கூட நூலகமொன்றில் இவற்றைக் காண்பது அரிது.

இவர்களுக்கு முன்பே களத்துக்குப் போனவர்கள் உண்டு. அந்நியர் நுழைந்தால் அத்துமீறல் என்று தோட்டங்கள் வழக்குப் போட்ட காலத்தில், தொழிற்சங்க முன்னோடி கோ. நடேசய்யர் புடவை வியாபாரி வேடத்தில் லயங்களுக்குள் போய் நிலைமையை அறிந்துவந்தார் என்பது மலையகம் அறிந்த செய்தி. 1947இல் தலவாக்கலையிலிருந்து நாடாளுமன்றம் சென்ற சி. வி. வேலுப்பிள்ளை, 1970இல் 'உழைக்கப் பிறந்தோர்' எனப் பொருள்படும் ஆங்கில நூலில் தோட்டத்து மனிதர்களைத் தீட்டினார். மலைநாட்டுப் பாடல்களையும் தொகுத்தார். எழுத்தாளர் சாரல்நாடன் தம் வாழ்நாளை மலையக வரலாற்றுக்கே கொடுத்தார். பல்கலைக்கழகம் இவர்களை இலக்கியப் பகுதியில் வைத்துவிட்டது. சமூகவியலின் முதல் வகுப்பில் வைக்க வேண்டியவர்கள் இவர்கள் என்பது என் உறுதியான கருத்து.

மலாயாவைப் பற்றி எழுதிய சமூகவியலாளர் சையத் ஹுசைன் அலாதாஸ், சோம்பேறிச் சுதேசி என்ற கட்டுக்கதையைக் குடியேற்றவாதம் தன் தேவைக்காகவே புனைந்ததென்று 1977இல் நிறுவினார். வெளியிலிருந்து வந்த கேள்விகளையே நம் கேள்விகளாக எண்ணும் அறிவை அவர் 'சிறைப்பட்ட மனம்' என்றார். அதன் பொருளை நான் உணர்ந்தது, அந்த இஸ்தோப்பில் படிவத்தின் ஓரத்தில் எழுதிய வேளையில்தான்.

இன்று லயம் மாறிவிட்டது. ஒரு காம்பராவில் ஒருவருக்கோ இருவருக்கோதான் பேர் இருக்கிறது, சிலவற்றில் யாருக்கும் இல்லை. மகன் கொழும்பில் கடையில், மகள் மத்திய கிழக்கில், பேரப்பிள்ளைகள் பாட்டியோடு. பேர் இல்லாதவர் எந்த உரிமையில் லயத்தில் இருக்கிறார் என்ற கேள்வியை 1950களின் கிராம ஆய்வு முறையால் தொடவும் முடியாது. மலையகத் தமிழர் என்று மக்கள் தமக்குத் தாமே இட்ட பேர் அரசாங்கக் கணக்கெடுப்பிலும் இப்போதுதான் இடம்பெறத் தொடங்கியிருக்கிறது. வேறெவரும் போட்டுத் தராத பேர் இது.

இக்கட்டுரையைப் படிக்கும் மலையக ஆசிரியர்களிடமும் மாணவர்களிடமும் ஒன்று கேட்கிறேன். உங்கள் தோட்டத்தில் மலையேறி ஓய்ந்த பாட்டிமார் இன்னும் இருக்கிறார்கள். பெரட்டு, கவ்வாத்து, அரைப் பேர், கைக்காசு என்று அவர்கள் சொல்லும் ஒவ்வொரு சொல்லுக்கும் அவர்கள் தரும் விளக்கத்தை, அவர்கள் பேச்சிலேயே, தமிழிலேயே எழுதி வையுங்கள். தகரப் பெட்டியில் கிடக்கும் பழைய சம்பளச் சீட்டையும் துண்டுச் சீட்டையும் பிரஜாவுரிமைக் கடிதத்தையும் அடுப்புக்குப் போகவிடாதீர்கள். படம் பிடித்துப் பள்ளிக்கூடத்தில் ஒரு பிரதி வையுங்கள். இந்த வருட விடுமுறையிலேயே தொடங்குங்கள்.