வாட்டுறது வேற, வேகுறது வேற: கோழியும் தீயும், ஒரு சின்ன வரலாறு

1. "கிரில் சிக்கன்லாம் அரபு நாட்டு சாப்பாடு டாக்டர். நம்ம உடம்புக்கு எங்க ஒத்துக்கும்?" நைட் டியூட்டியில ஒரு அம்மா கேட்டாங்க. அவங்க மகனுக்கும் கூட சாப்பிட்ட மூணு பசங்களுக்கும் வாந்தி, பேதி, காய்ச்சல். ட்ரிப்ஸ் ஏத்தி, மறுநாள் நாலு பேரும் தேறிட்டாங்க. அந்தம்மாவுக்கு அன்னைக்கு பதில் சொல்ல நேரம் இல்ல. இப்ப சொல்றேன். இழை கொஞ்சம் நீளம்.

2. முதல்ல கோழி. வீட்டுக்கோழியோட மூதாதை தென்கிழக்கு ஆசியாவின் செங்காட்டுக்கோழி. ஆனா மஞ்சள் தோலுக்கான மரபணு மட்டும் அதுகிட்ட இருந்து வரல. அது நம்ம தீபகற்ப இந்தியாவோட சாம்பல் காட்டுக்கோழி கொடுத்ததுன்னு 2008ல ஒரு மரபணு ஆய்வு காட்டுச்சு. அமெரிக்காவுல வறுபடுற கோழியோட மஞ்சத் தோல்லயும் நம்ம காட்டுப் பறவையோட பங்கு இருக்கு.

3. அடுத்து தீ. பத்துப்பாட்டுல பெரும்பாணாற்றுப்படைன்னு ஒண்ணு, தொண்டைமான் இளந்திரையனைப் பத்தினது. அதுல மருத நிலத்து ஊருக்குப் போற பாணனுக்கு வெண்ணெல் சோறும் கோழியும் கிடைக்கும்னு வருது. கோழி எப்படி? 'வாட்டு'. அதாவது தீயில வாட்டின வீட்டுக்கோழி. கிரில் சிக்கனுக்கு இதைவிட நல்ல தமிழ்ச் சொல் தேட வேண்டியதில்ல.

4. பொருநராற்றுப்படையில கரிகாலன் கொடுக்குற விருந்து இன்னும் சுவாரஸ்யம். ரெண்டு வகை கறி வருது. தடிமனான தொடைக்கறியை வேக வச்சிருக்காங்க. கம்பியில குத்தி நெருப்புல சுட்டது கொழுப்புள்ள துண்டுகளை. தடிச்ச கறிக்கு தண்ணி, கம்பியில குத்தின துண்டுக்கு தீ. இதை மனசுல வச்சுக்கோங்க, கடைசியில தேவைப்படும்.

5. மசாலா? சங்க காலத்துல 'கறி'ன்னாலே மிளகு. மிளகாய் அமெரிக்கக் கண்டத்துப் பயிர். 1498க்கு அப்புறம் போர்த்துகீசியர் வழியா நம்ம பக்கம் வந்தது. பேரே சொல்லுதே, மிளகு மாதிரி காரமான காய்னு. 11ஆம் நூற்றாண்டுல ராஜேந்திர சோழன் நம்ம அரியலூர் மாவட்டத்து கங்கைகொண்டசோழபுரத்துல இருந்து ஆண்டப்போ, அங்க எந்த அடுப்புலயும் மிளகாய் கிடையாது. செக்கச்செவேல்னு இருக்கிற சிக்கன்தான் புதுசு. மிளகு, இஞ்சி, மஞ்சள், கறிவேப்பிலைன்னு அரைச்சுத் தடவுற பச்சை மசாலாதான் பழைய ருசிக்குப் பக்கத்துல இருக்கு.

6. ஜெயங்கொண்டம் பக்கம் எங்க அப்பாயி கோழி அடிச்சா, இறகை உரிச்சு, மஞ்சள் பூசி, முந்திரிச் சருகைக் கொளுத்தி அதுல திருப்பித் திருப்பி வாட்டும். அந்த வாசம் தெருமுனை வரைக்கும் வரும். ஆனா வாட்டினதும் யாருக்கும் கொடுக்காது. வெட்டி, அம்மியில அரைச்ச மசாலா போட்டு, முக்கால் மணி நேரமாவது குழம்புல கொதிக்கணும். "வாட்டுறது வாசத்துக்கு, வேகுறது வயித்துக்கு"ன்னு சொல்லும். டிகிரி எதுவும் இல்ல அதுக்கு.

7. முழுக்கோழியை தீயிலேயே வேக வைக்கிறது வேற வித்தை. பெஷாவர்ல தந்தூர் அடுப்பு வச்சிருந்தவங்க பிரிவினையில அகதியா வந்து 1947ல டெல்லி தரியாகஞ்ச்ல மோதி மஹாலைத் தொடங்கினாங்க. தந்தூரி சிக்கன் இந்தியா முழுக்கப் பரவ அந்தக் கடை பெரிய காரணம். தந்தூரி கோழியில ஆழமா கீறல் போடுறது அழகுக்கு இல்ல. மசாலாவும் சூடும் எலும்பு வரைக்கும் இறங்கணும். களிமண் அடுப்பு நாலா பக்கமும் அனல் அடிக்கும்.

8. நம்ம ஊர்ல சுத்துற கம்பி கிரில் ரொம்பப் பின்னாடி வந்தது. லெப்பைக்குடிக்காடு மாதிரி ஊர்கள்ல இருந்து வளைகுடாவுக்கு வேலைக்குப் போய் வந்தவங்க அந்த ருசியையும் கூட்டிட்டு வந்தாங்க. அதே காலத்துல கோழியும் மாறிடுச்சு. அப்பாயி கோழி அஞ்சாறு மாசம் மேஞ்சு வளர்ந்தது. பிராய்லர் சுமார் 40 நாள்ல 2 கிலோ. அதுக்குத் தீவனம் மக்காச்சோளம், அது அதிகமா விளையுற மாவட்டங்கள்ல நம்ம பெரம்பலூரும் ஒண்ணு. மக்காச்சோளமும் மிளகாய் மாதிரியே அமெரிக்காவுல இருந்து வந்ததுதான். ஆக, எது நம்ம சாப்பாடு, எது அடுத்தவன் சாப்பாடுன்னு கோடு போடுறது கஷ்டம்.

9. அப்ப அந்தப் பசங்களுக்கு என்ன ஆச்சு? அதுல ஒருத்தன் சொன்னான்: "வெளிய நல்லா கருகியிருந்துச்சு சார், உள்ள ஜில்லுனு இருந்துச்சு." அவ்வளவுதான் விஷயம். பச்சைக் கோழியில சால்மோனெல்லா, கேம்பைலோபாக்டர் கிருமிகள் இருக்கலாம். உள்ள 74 டிகிரி செல்சியஸ் போனாதான் நம்பலாம். கூட்டம் அலைமோதும்போது சீக்கிரம் எடுத்துட்டா, ஃப்ரீசர்ல இருந்து நேரா கம்பியில ஏத்தினா, வாட்டு மட்டும்தான் நடக்கும். வேக்காடு நடக்காது.

10. நிறத்தை நம்பாதீங்க. இளங்கோழியில நல்லா வெந்த பிறகும் எலும்பு ஓரம் சிவப்பா இருக்கலாம். வெள்ளையா தெரியுறது வேகாமலும் இருக்கலாம். சமையல் தெர்மாமீட்டர் சில நூறு ரூபாய்க்கு கிடைக்குது. தொடையோட தடிச்ச இடத்துல, எலும்புல படாம குத்திப் பாருங்க.

11. வீட்டுல செய்ய: 1 கிலோ கோழி, சின்னத் துண்டுகளா. கொத்தமல்லி ஒரு கட்டு, புதினா கைப்பிடி, கறிவேப்பிலை 2 கொத்து, எல்லாம் நல்லா அலசினது. செட்டிகுளம் சின்ன வெங்காயம் 10, இஞ்சி, பூண்டு, மிளகு, மஞ்சள், உப்பு, எலுமிச்சை அரை மூடி. அரைச்சுத் தடவி ஃப்ரிட்ஜ்ல 4 மணி நேரம். வெளிய வைக்காதீங்க, எலுமிச்சை கிருமியைக் கொல்லும்னு நம்பாதீங்க. தொட்டுக்க வேணும்னா மசாலாவைக் கோழியில படுறதுக்கு முன்னாடியே தனியா எடுத்து வைங்க.

12. இன்னொரு லாபம். கறி கருகும்போது உருவாகுற சில கெட்ட சேர்மங்கள், மூலிகை மசாலாவுல ஊறின கறியில குறைவா உருவாகுதுன்னு ஆய்வுகள் சொல்லுது. அதுக்காக கரியாக்கித் தின்னலாம்னு அர்த்தம் இல்ல. கருகின இடத்தை வெட்டிப் போட்டுடுங்க.

13. அம்மா, உங்க கேள்விக்கு பதில்: கோழியைத் தீயில காட்டிச் சாப்பிடுறது நமக்கு ரெண்டாயிரம் வருஷப் பழக்கம். நம்ம உடம்புக்கு அது புதுசு இல்ல. உங்க பையனைப் படுக்க வச்சது அரபு நாடும் இல்ல. கடைசி பத்து நிமிஷம் யாரோ பொறுக்கல, அவ்வளவுதான். தம்பி சாப்பிடட்டும். உள்ள சூடா இருக்கான்னு பிச்சுப் பார்த்துட்டு சாப்பிடச் சொல்லுங்க. ஜில்லுனு இருந்தா கூச்சப்படாம திருப்பிக் கொடுக்கச் சொல்லுங்க.