ஆயிரம் பவுண்டு ஆசாமி

ஒரு சின்னக் கணக்குப் போடலாமா? வாரச் சம்பளம் 4 பவுண்டு. வருஷத்துக்கு 52 வாரம். ஆக 208 பவுண்டு. இப்படிச் சம்பாதிக்கிற ஒருவர் 1000 பவுண்டைக் கண்ணால் பார்க்க எத்தனை வருஷம் ஆகும்? கிட்டத்தட்ட 5 வருஷம். அதுவும் சாப்பாடு, துணிமணி, வீட்டு வாடகை என்று எதற்குமே காலணா செலவழிக்காமல் இருந்தால்!

1905 பிப்ரவரியில், இங்கிலாந்தின் மிடில்ஸ்பரோ கிளப் அந்த 1000 பவுண்டை மொத்தமாக எடுத்து வைத்து ஒரு கால்பந்து வீரரை வாங்கியது. பெயர் ஆல்ஃப் காமன். ஒரு ஆட்டக்காரருக்கு நான்கு இலக்கத்தில் விலை கொடுக்கப்பட்டது அதுதான் முதல் தடவை. விளையாட்டுப் பத்திரிகைகள் அலறின. ‘இது விளையாட்டா, வியாபாரமா?’ என்று தலையில் அடித்துக்கொண்டன.

சரி, அந்த ஆயிரத்தில் காமனுக்கு எவ்வளவு? விதிப்படி, புதிய கிளப்பில் கையெழுத்துப் போடுவதற்கு அதிகபட்சம் 10 பவுண்டு. அப்புறம் வாரத்துக்கு 4 பவுண்டுக்கு மேல் போகாத அதே சம்பளம். விலைப்பணம் அப்படியே விற்றவர்களின் கல்லாவுக்குப் போனது.

அதெப்படி என்கிறீர்களா? கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

1885 வரை இங்கிலாந்தில் காசு வாங்கிக்கொண்டு கால்பந்து ஆடுவது குற்றம். கனவான்கள் பொழுதுபோக்காக ஆடலாம், தப்பில்லை. ஆனால் வாரம் முழுக்க மில்லில் உழைக்கிற தொழிலாளி, ஒருநாள் கூலியை விட்டுவிட்டு வந்து ஓசியில் எத்தனை நாள் ஆடுவான்? வடக்குப் பக்கத்து கிளப்கள் சத்தமில்லாமல் கையில் காசைத் திணித்தன. ஊருக்கே தெரிந்த ரகசியம். வேறு வழியில்லாமல் 1885 ஜூலையில் கால்பந்துச் சங்கம் ‘சரி, வாங்கித் தொலையுங்கள்’ என்று அனுமதி கொடுத்தது. 1888-ல் 12 கிளப்கள் சேர்ந்து லீக் போட்டியையும் ஆரம்பித்துவிட்டன.

உடனே முதலாளிகளுக்குப் பயம் வந்துவிட்டது. பணக்கார கிளப் எல்லா நல்ல ஆட்டக்காரர்களையும் அள்ளிக்கொண்டு போய்விட்டால்? இரண்டு பூட்டுகள் போட்டார்கள். முதல் பூட்டு, 1893-ல். ஆட்டக்காரரின் பதிவு கிளப்பின் கையில் இருக்கும். ஒப்பந்தம் முடிந்தாலும் கிளப் விட்டுக்கொடுத்தால்தான் லீக்கில் வேறு இடத்துக்குப் போக முடியும். விடவில்லையா? இங்கே சம்பளமும் வராது, அங்கே ஆடவும் முடியாது. இரண்டாவது பூட்டு, 1901-ல். எப்பேர்ப்பட்ட சூரனாக இருந்தாலும் வாரத்துக்கு 4 பவுண்டு. அதற்கு மேல் ஒரு பென்னி கூடாது.

சும்மா சொல்லக்கூடாது, மில் தொழிலாளியின் கூலியோடு ஒப்பிட்டால் 4 பவுண்டு நல்ல காசுதான். ஆனால் வேடிக்கையைக் கவனியுங்கள். ஆட்டக்காரரின் சம்பளத்துக்கு உச்சவரம்பு உண்டு, அவருடைய விலைக்குக் கிடையாது! நான் பி.காம். படித்த காலத்தில் நிலம், கட்டடம், மெஷின், மேஜை நாற்காலி எல்லாவற்றையும் சொத்துப் பட்டியலில் எழுதச் சொல்லிக் கொடுத்தார்கள். மனுஷனை எழுதலாம் என்று எந்த வாத்தியாரும் சொல்லவில்லை.

காமன் 1880-ல் சண்டர்லாந்தில் பிறந்தவர். உயரம் சுமார்தான், ஆனால் உருண்டு திரண்ட உடம்பு. மோதினால் எதிராளிதான் விழுவார். சொந்த ஊர் கிளப்பிலிருந்து 1901-ல் ஷெஃபீல்ட் யுனைடெட்டுக்குப் போனார். அடுத்த வருஷமே எஃப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டத்தில் சவுத்தாம்டனுக்கு எதிராக கோல் போட்டார். அது டிராவில் முடிய, மறு ஆட்டத்தில் ஜெயித்துக் கோப்பையைத் தூக்கினார்கள். இங்கிலாந்து அணிக்கு 3 முறை ஆடி 2 கோல். 1904-ல் மறுபடி சண்டர்லாந்து. அங்கே ஒரு சீசன்கூட முழுதாக முடியவில்லை, பக்கத்து ஊர் மிடில்ஸ்பரோ பணப்பையோடு வந்து நின்றது.

அவர்களுடைய அவஸ்தை அப்படி. வெளியூரில் ஒரு ஆட்டம் ஜெயித்து ஏறக்குறைய 2 வருஷம் ஆகியிருந்தது. இரண்டாம் டிவிஷனுக்கு இறங்கிவிடுவோமோ என்று வயிற்றில் புளி கரைத்தது. கட்டி ஒன்றரை வருஷம்கூட ஆகாத புது மைதானம் வேறு. கூட்டம் வராவிட்டால் கதை கந்தல்.

பிப்ரவரி 25. காமனுக்கு முதல் ஆட்டம். எங்கே தெரியுமா? ஷெஃபீல்டில், அவருடைய பழைய கிளப்புக்கு எதிராக! பெனால்ட்டி கிடைத்தது. காமன் உதைத்தார், கோல். 1-0. ஒருவழியாக வெளியூர் வெற்றி வந்துவிட்டது.

18 அணிகளில் 15-வது இடத்தைப் பிடித்து மிடில்ஸ்பரோ தப்பித்தது. போட்ட முதலுக்கு மோசமில்லை என்று நினைத்திருப்பார்கள். ஆனால் அந்த வருஷம் என்ன ஆனது தெரியுமா? முதல் டிவிஷனை 20 அணிகளாக விரிவுபடுத்துவதென்று லீக் முடிவு செய்தது. கடைசி இரண்டு இடங்களில் இருந்த அணிகள்கூட இறக்கப்படவில்லை. அதாவது, அந்த 1000 பவுண்டைச் செலவழிக்காமல் கடைசி இடத்தில் வந்திருந்தாலும் மிடில்ஸ்பரோ அங்கேயேதான் இருந்திருக்கும்!

இத்தனைக்கும் நடுவில் கால்பந்துச் சங்கம் மிடில்ஸ்பரோவின் கணக்குப் புத்தகத்தைப் புரட்டியது. ஆட்டக்காரர்களுக்கு விதியை மீறிக் காசு போயிருப்பது தெரிந்தது. 1906-ல் 250 பவுண்டு அபராதம். 12 டைரக்டர்களில் 11 பேர் சஸ்பெண்ட். பூட்டைப் போட்டவர்களே ஜன்னல் வழியாக ஏறிக் குதித்த கதை இது ஒன்றுதான் என்று நினைக்காதீர்கள், ஏகப்பட்ட கிளப்களில் இதே லட்சணம்தான்.

விலைக்கும் ஒரு வரம்பு வைத்துப் பார்ப்போமே என்று 1908 ஜனவரியில் சங்கம் முயன்றது. ஒரு ஆட்டக்காரருக்கு 350 பவுண்டுக்கு மேல் கூடாது. கிளப்கள் என்ன செய்தன? வேண்டிய ஆளோடு, வேண்டாத ஒருவரையும் ‘வாங்கியதாக’ எழுதி இரண்டு விலையாகக் கணக்குக் காட்டின. நம்ம ரேஷன் கடையில் சர்க்கரையோடு சோப்பையும் தலையில் கட்டுவார்களே, அதன் தலைகீழ் வடிவம். சில மாதங்களிலேயே விதி வாபஸ். சம்பள வரம்பு மட்டும் ஆடாமல் அசையாமல் நின்றது. அதை உடைக்க ஆட்டக்காரர்கள் 1961 வரை போராட வேண்டியிருந்தது.

காமன் மிடில்ஸ்பரோவில் 5 வருஷத்துக்கு மேல் ஆடினார். 1910-ல் உல்விச் ஆர்சனலுக்கு விற்றார்கள். விலை 100 பவுண்டு. மெஷினுக்குத் தேய்மானம் எழுதுவோமே, அதேதான். ஆனால் இந்த மெஷின் அப்புறமும் ஓடியது. 1912-ல் பிரெஸ்டன் நார்த் எண்ட் 250 பவுண்டு கொடுத்து வாங்கி, அந்த சீசனில் இரண்டாம் டிவிஷன் பட்டத்தையும் வென்றது. 1914-ல் காமன் பூட்ஸைக் கழற்றினார்.

பிறகு டார்லிங்டனில் ஒரு மதுக்கடை நடத்தினார். 1943 வரை கல்லாவில் உட்கார்ந்திருந்த மனுஷன், 1946-ல் காலமானார். அவர் கடை நடத்திக்கொண்டிருந்த காலத்தில், 1928-ல், டேவிட் ஜாக் என்பவரை ஆர்சனல் 10,890 பவுண்டுக்கு வாங்கியது. காமன் விலையைப் போல ஏறக்குறைய 11 மடங்கு. அப்போது சீசனில் ஒரு ஆட்டக்காரர் வாங்கக்கூடிய அதிகபட்ச வாரச் சம்பளம், 8 பவுண்டு.